மீன் நனையும் வரை

ஆங்கிலத்தில் மம்ப்சிமஸ் என்று ஒரு சொல் உண்டு. அகராதியைத் துருவுகிறவர்களைத் தவிர யாரும் அதைத் தொடுவதில்லை. ஜெபத்தில் ஒரு சொல்லைப் பல வருடம் தப்பாகவே சொல்லிவந்த பாதிரியாரை ஒருவர் திருத்தப் போனாராம். 'உன் புதுச் சொல் எனக்கு வேண்டாம், என் பழையதே போதும்' என்றாராம் பாதிரியார். அவர் விடாமல் சொல்லிவந்த தப்புதான் மம்ப்சிமஸ். தவறைக் கண்ணால் கண்டபிறகும் பழகிப்போன காரணத்தால் அதையே பிடித்துக்கொண்டிருக்கிறவருக்கு அது பெயராயிற்று. அந்தத் தவறுக்கும் அதே பெயர்தான். கேட்டதும் எனக்குச் சிரிப்பு வந்தது. மருதமடைக் கதை நினைவுக்கு வந்ததும் சிரிப்பு நின்றுவிட்டது.

மருதமடை ஒரு பெரிய ஏரிக்குக் கீழே இருந்த ஊர். மதகுத் தூணில் மீன் செதுக்கிய கல் ஒன்று பதித்திருக்கும். தண்ணீர் ஏறி அந்த மீன் நனைந்தால் கரைமேல் முரசு அடிப்பார்கள். முரசு கேட்டதும் ஊர் மொத்தமும் எதிரே இருக்கும் குன்றில் ஏறிவிடும். முரசு கேட்காமல் யாரும் அசைய மாட்டார்கள்.

மதகடியிலிருந்து ஒன்பது முழம் உயரத்தில் மீன் இருக்க வேண்டும் என்பது விதி. யாருடைய முழம்? அந்த ஊரில் எதை அளந்தாலும் அப்போதைய ஏரித் தலைவரின் கைதான் முழம். பழைய தலைவர் குள்ளம். அடுத்து வந்த பெருந்தேவனோ நெடுநெடுவென்று வளர்ந்தவர். பழைய மீன் பெயர்ந்து ஏரிக்குள் விழுந்துவிட, கல்தச்சன் மாடலன் புது மீனைச் செதுக்கி, முறைப்படி பெருந்தேவன் கையால் ஒன்பது முழம் அளந்து பதித்தான். மீன் ஒன்றரை முழம் மேலே ஏறிவிட்டது. யாருக்கும் அது உறைக்கவில்லை. அடுத்த பத்து வருடமும் மழை சுமாராகவே பெய்தது.

பதினோராம் வருடம் ஐப்பசியில் வானம் பிய்த்துக்கொண்டு ஊற்றியது. மூன்றாம் நாள் பகலில் மதகைப் பார்க்கப் போன மாடலன், தூணில் பாசி உரிந்து ஒரு குழி தெரிவதைக் கண்டான். பழைய மீன் இருந்த குழி. தண்ணீர் அதற்கு இரண்டு விரல் கீழே நின்றது. தான் எங்கே தவறினோம் என்று மாடலனுக்குப் புரிந்துவிட்டது. தலைவரை அழைத்துவர ஓடினான்.

"ஐயா, தப்பு பண்ணிட்டேன். மீன் இங்க இருந்திருக்கணும். தண்ணி இதைத் தொடப் போகுது. இப்பவே முரசு அடிக்கணும்."

பெருந்தேவன் குழிக்குள் விரலை விட்டுப் பார்த்தார். கரைமேல் இருந்த முரசுக்காரன் கூத்தனும் இறங்கி வந்து பார்த்தான்.

"நீ சொல்றது வாஸ்தவம்தான்" என்றார் பெருந்தேவன். "பொறு. மழை விட்டுடும். அளவு தப்புன்னு வெளியில சொல்லிக்கிட்டுத் திரியாதே."

அதோடு வீட்டுக்குப் போய்விட்டார். சற்று நேரத்தில் அவர் வீட்டுப் பெண்களையும் பிள்ளைகளையும் ஏற்றிக்கொண்டு இரண்டு வண்டிகள் குன்றுப் பக்கம் போயின. உறவில் கல்யாணம் என்றார்களாம். அந்த அடைமழையில் கல்யாணம்!

கரையில் இருவர்தான் மிஞ்சினார்கள். கரைக்குக் கீழே முதலில் வரும் கீழத்தெருவில் கூத்தனின் வீடு. அதற்குள் அவன் மனைவி நங்கை, பிறந்து மூன்று நாளான குழந்தையோடு படுத்திருந்தாள்.

"அடி கூத்தா. அவரு அடிக்காதேன்னு சொல்லலியே" என்றான் மாடலன்.

"சொல்லலண்ணே."

"குழியைப் பாத்தியா இல்லியா?"

"பாத்தேன். மீன் இருக்க வேண்டியது அங்கதான்." கூத்தன் தலையை நிமிர்த்தி மேலே மீனைப் பார்த்தான். "ஆனா மீன் நனையலியே."

முன்கூட்டியே முரசு அடித்தால் தண்டனை என்று அந்த ஊரில் எதுவும் கிடையாது. அப்படி ஒருவன் அடிப்பான் என்று யாரும் நினைத்ததே இல்லை. மாடலன் குச்சிகளைப் பிடுங்கப் பார்த்தான். கூத்தன் விடவில்லை. தன் வீட்டுக் கூரையைப் பார்த்தான், மீனைப் பார்த்தான், அழுதான். குச்சிகளை மட்டும் இறுகப் பிடித்திருந்தான்.

மாடலன் கீழத்தெருவுக்கு ஓடிக் கதவு கதவாகத் தட்டினான். "முரசு கேக்கலியே" என்றே பெரும்பாலோர் சொன்னார்கள். நங்கையின் கையைப் பிடித்து இழுக்காத குறையாகக் கெஞ்சினான்.

"அவரு அங்கதானே நிக்கிறாரு? ஆபத்துன்னா அடிக்காம இருப்பாரா?" என்று சொல்லிவிட்டு அவள் குழந்தையைப் பால் குடிக்க வைத்தாள்.

தண்ணீர் குழியை மூடியது. கரையின் விளிம்புக்கு வந்து வழியத் தொடங்கியது. அப்போதுதான் மீன் நனைந்தது. கூத்தன் உடம்பின் வலுவையெல்லாம் திரட்டி முரசை அடித்தான். நான்காவது அடிக்குக் கரை உடைந்தது. மேலத்தெருக்காரர்கள் ஓடித் தப்பினார்கள். மாடலனை நம்பி வந்த ஏழு பேர் பிழைத்தார்கள். கீழத்தெருவில் வேறு யாரும் மிஞ்சவில்லை. நங்கையும் குழந்தையும் கிடைக்கவே இல்லை.

மறுநாள் கூத்தன் எதிரே வந்தவர்களை எல்லாம் நிறுத்தி நிறுத்திச் சொன்னான்: "மீன் நனைஞ்ச உடனே அடிச்சேன். ஒரு நொடிகூடத் தாமதிக்கல."

மாடலன், பெருந்தேவன், கூத்தன். இந்த மூவரில் மம்ப்சிமஸ் என்ற சொல் யாருக்குப் பொருந்தும்?

விடை: மாடலனுக்குப் பொருந்தாது. அவன் தெரியாமல் செய்தான், தெரிந்த கணமே தப்பை ஒப்புக்கொண்டு ஓடினான். பெருந்தேவன் என்று சொல்லத்தான் பலருக்கும் வாய் வரும். ஆனால் தன் வீட்டாரை மட்டும் குன்றுக்கு அனுப்பியவர் பழைய அளவை ஒரு கணம்கூட நம்பவில்லை. அவர் காப்பாற்றியது தன் குடும்பத்தையும் கௌரவத்தையும். அதற்கு ஆங்கிலச் சொல் தேவையில்லை, நம்மிடமே வசவுகள் ஏராளம். அந்தச் சொல் கூத்தனுக்குத்தான். அவனை யாரும் தடுக்கவில்லை, மிரட்டவில்லை. குழியைத் தன் கண்ணால் பார்த்தவன், மனைவியும் குழந்தையும் கீழே இருப்பதை அறிந்தவன், ஆனாலும் மீன் நனையும் வரை அவன் கை எழவில்லை. அவனுக்கு மீனைவிட நங்கை பெரிது. அதில் எனக்குத் துளியும் சந்தேகம் இல்லை, அதனால்தான் பயமாக இருக்கிறது.