முள்ளி அவிழ்த்த வெள்ளை முடிச்சு

தட். தட் தட் தட்.

சத்தம்தான் முதலில் வந்தது. அதுவும் காதில் இல்லை, காலில். சிலந்திக்குக் காது ஏது? நூலின் மேல் வைத்த கால்தான் அதற்குக் காது.

ஓடைக்கரைக் காட்டில் விடியல் மூட்டம் இன்னும் கலையவில்லை. வலையின் நடுவில் தலைகீழாகத் தொங்கிக்கொண்டிருந்த முள்ளி, அசையாமல் கேட்டாள். கொசு விழுந்தால் நூல் நடுங்கும். ஈ விழுந்தால் உதறும். இது இரண்டும் இல்லை. ஒன்று தட்டி, கொஞ்சம் நிறுத்தி, மூன்று தட்டு. மறுபடியும் ஒன்று. மறுபடியும் மூன்று.

"யாரது?"

"நான்தான் தாயி, கடுகு! தின்றுவிடாதே! பெண் கேட்டு வந்திருக்கிறேன்!"

மூட்டம் விலகியது. நூலின் ஓரத்தில் ஒரு புள்ளி ஒட்டிக்கொண்டிருந்தது. அதுதான் மாப்பிள்ளை. முள்ளியின் முதுகோ மஞ்சள் ஓடு. குறுக்கே கறுப்புக் கோடு. சுற்றிலும் ஆறு முள். அவளுடைய ஒரு முள்ளின் நீளம்கூட அவன் இல்லை.

"உனக்கு முள் எங்கே?" என்று கேட்டாள்.

"முள்ளெல்லாம் உங்கள் பக்கம். எங்களுக்கு வாய்ச்சவடால் மட்டும்தான்!"

முள்ளிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. கல்யாணம் நடந்தது.

ஐந்து நாள் அவன் வலையோரத்தில் தட்டிக்கொண்டே இருந்தான். ஆறாம் நாள் தட்டு மெலிந்தது.

"முள்ளி, எங்கள் ஆயுசு இவ்வளவுதான். மழைக்கு முன்னால் முட்டையைப் பொதிந்து வைத்துவிடு. நனைந்தால் ஒன்றும் மிஞ்சாது" என்றான்.

மதியக் காற்றில் அவன் உதிர்ந்தான். அவ்வளவு சின்னவன் போனதற்கு நூல்கூட ஆடவில்லை.

முள்ளிக்கும் கணக்குத் தெரியும். அவள் இனத்தில் முட்டை வாழ்க்கைக்கு ஒரே ஒரு முறை. இலையின் அடியில் இட்டு, மஞ்சள் நூலால் போர்த்த வேண்டும். அதன் பிறகு அவளும் இல்லை. போர்வைக்கு நூல் வேண்டும். நூல் சுரக்க வயிறு நிறைய வேண்டும். அதனால் ஒவ்வொரு பூச்சியும் அவளுக்கு ஒரு பிள்ளையாகத் தெரிந்தது.

அவள் வலை புங்க மரத்துக்கும் நாவல் மரத்துக்கும் நடுவே இருந்தது. நல்ல இடம்தான். ஆனால் அது கரிச்சான் குருவி ஓடைக்குப் போய்வரும் வழி. அதனால் வலையைத் தாங்கும் வெளிநூல்களில், விரற்கடைக்கு ஒன்றாக, பஞ்சுபோல் வெள்ளை முடிச்சுகள் போட்டு வைத்திருந்தாள். தெருவில் பள்ளம் விழுந்தால் யாராவது ஒரு கிளையை ஒடித்து நட்டு வைப்பதில்லையா? அதுபோலத்தான். முள்ளுச் சிலந்தி வீட்டில் பிறந்தவர்கள் எல்லோரும் செய்கிற வேலை அது. ஏன் என்று யாரும் கேட்பதில்லை.

கேட்டவள் சொட்டு.

சொட்டு என்பவள் பனித்துளிபோல் வெள்ளியாய் மினுங்கும் குட்டிச் சிலந்தி. சொந்தமாக வலை கிடையாது. முள்ளியின் வலையோரத்தில் குடியிருந்துகொண்டு, அவள் கவனிக்காத கொசுவை எடுத்துத் தின்று பிழைப்பவள்.

"அக்கா, ஒன்று சொன்னால் கோபித்துக்கொள்ள மாட்டாயே?"

"சொல்லடி. சொல்லாமல் உனக்கு ஜீரணமாகாது."

"வீட்டைச் சுற்றி இப்படி வெள்ளை வெள்ளையாய்க் கட்டி வைத்தால் எந்தப் பூச்சி வரும்? 'இங்கே வலை இருக்கிறது, வராதே' என்று நீயே சொல்கிறாயே!"

"அது பறவைக்காகப் போட்டதடி."

"பறவையா உனக்கு முட்டை போடப் போகிறது? மேற்கே பார். மேகம் கூடிவிட்டது. உன் வயிறு நிறையாவிட்டால் பிள்ளைகள் குளிரில் கிடக்கும். அப்புறம் கரிச்சான் வந்து போர்த்திவிடுமா?"

அந்தக் கேள்வி முள்ளிக்குள் எங்கோ போய்க் குத்தியது. முதுகில் ஆறு முள் இருந்து என்ன? உள்ளே குத்துவதைத் தடுக்க ஒன்றும் இல்லை.

அன்று மாலை ஒவ்வொரு முடிச்சாக அவிழ்த்தாள். அவிழ்த்ததைத் தின்றாள். நூலை வீணாக்குகிற வழக்கம் சிலந்திகளுக்கு இல்லை. மாலையில் பழைய வலையைத் தின்பார்கள். அதே நூல் வயிற்றில் கரைந்து மறுநாள் புது வலையாகும்.

அடுத்த நாள் ஈசல் வந்தது! மலைப்பக்கம் எங்கோ பெய்த தூறலுக்குப் புற்றுகள் திறந்துகொண்டன. காடு முழுக்க ஈசல். முள்ளியின் வலையிலும் ஒன்பது விழுந்தன.

"பார்த்தாயா அக்கா! நான் சொன்னேனா இல்லையா!" என்று சொட்டு துள்ளினாள். அவள் பங்குக்கு இரண்டைச் சுருட்டிக்கொண்டாள்.

முள்ளி நம்பினாள். பக்கத்துப் புதரில் முடிச்சுப் போட்ட வலைகளிலும் அன்று ஒன்பதும் பத்துமாக விழுந்திருந்தன. அதை அவள் பார்க்கப் போகவில்லை.

மூன்றாம் நாள் காலை கரிச்சான் வந்தது.

ஒரு தும்பியைத் துரத்திக்கொண்டு தாழப் பறந்து வந்தது. தும்பி தப்பியது. கரிச்சான் முழு வேகத்தில் வலைக்குள் நுழைந்தது!

முள்ளிக்கு வானமும் தரையும் இடம் மாறின. புங்க மரத்தின் கிளையில் போய் மோதி விழுந்தாள். நிமிர்ந்து பார்த்தபோது வலை இல்லை. இரண்டு வெளிநூல்கள் மட்டும் வெறுமனே ஆடிக்கொண்டிருந்தன. மீதி எல்லாம் கரிச்சானின் இடது சிறகில் ஒட்டிக்கிடந்தது. ஒரு கண்ணையும் நூல் மூடியிருந்தது. அது கீழ்க்கிளையில் விழுந்து, எழும்பப் பார்த்து, மறுபடியும் விழுந்தது.

மேலே ஒரு வல்லூறு வட்டமிட்டது.

"சரிதான், எனக்கு இங்கே என்ன வேலை?" என்றாள் சொட்டு. "வலை இல்லாத வீட்டில் குடியிருக்க முடியுமா? வருகிறேன் அக்கா!" பக்கத்துப் புதரின் வலைக்கு நூல் விட்டுப் போய்விட்டாள்.

"ஏ முள்ளி! எங்கே உன் முடிச்சு?" கரிச்சான் மூச்சிரைக்கக் கத்தியது. "தினமும் அதைப் பார்த்துத்தானே மேலே ஏறிப் போவேன்!"

"அவிழ்த்துவிட்டேன்."

"அவிழ்த்துவிட்டாயா? ஏன்?"

"பூச்சிக்குத் தெரிகிறது என்று..."

"எனக்குத் தெரிய வேண்டாமா?"

கரிச்சான் சிறகை உதறிப் பார்த்தது. நூல் விடவில்லை.

"உன்னைத் தின்றாவது பசியாறலாம் என்றால், ஆறு முள்ளையும் என் தொண்டையில் நட்டுவிடுவாய்!"

"ஐந்துதான் அண்ணே. ஒன்று உன் சிறகோடு போய்விட்டது."

கரிச்சான் திரும்பிப் பார்த்தது. சிறகின் நடுவில், நூலுக்குள், ஒரு கறுப்பு முள் சிக்கியிருந்தது.

"அண்ணே, தப்பு என்னுடையதுதான். ஆனால் அந்த நூலைத் தரையில் தேய்த்துவிடாதே. மண் ஒட்டினால் எனக்கு ஆகாது. இந்தக் கிளைப்பட்டையில் தேய். நான் பின்னாலேயே தின்றுகொண்டு வருகிறேன். உன் சிறகும் சீக்கிரம் விடுபடும். மழை வருகிறது. நான் முட்டை இட வேண்டும்."

"உன்னை நம்பிச் சிறகைக் கொடுக்கச் சொல்கிறாயா?"

"வல்லூறைவிட நான் சின்னவள்தானே."

கரிச்சான் மேலே பார்த்தது. பிறகு இலைகளுக்கு நடுவே நகர்ந்து வந்து, சிறகைப் பட்டையில் வைத்து இழுத்தது. பிசின் நூல் திரி திரியாய்க் கழன்றது. முள்ளி தின்றாள். இரண்டு பேரும் உச்சிப்பொழுது வரை அதே வேலையாக இருந்தார்கள். பாதி நூல்தான் மிஞ்சியது. மீதி இறகோடு இறகாகப் பின்னிப் பாழாகிவிட்டது.

வல்லூறு அலுத்துப்போய் மலைப்பக்கம் திரும்பியதும் கரிச்சான் எழுந்தது. கோணலாகத்தான் பறந்தது. ஆனாலும் பறந்தது.

முள்ளியின் வயிற்றில் பாதி நூல். அதை வைத்து ஒரு வலை பின்னலாம்; இரை பிடித்து, வயிற்றை நிரப்பிக்கொண்டு முட்டை இடலாம். அதற்கு நான்கு நாளாவது வேண்டும். முதல் இடி கேட்டது. நான்கு நாள் யார் தருவார்கள்?

புங்க இலையின் அடிப்பக்கம் போனாள். அன்று பிற்பகலே முட்டையிட்டாள். நூற்றுக்குமேல் இட வேண்டியவள், அறுபதோடு நின்றாள். அறுபதையும் மஞ்சள் நூலால் மூடினாள். போர்வை மெல்லியதாக இருந்தது. ஓரங்களை இழுத்து இழுத்து இலையோடு ஒட்டினாள். வராமல் போன பிள்ளைகளுக்காக ஒரு கணம் அங்கேயே கால் மடக்கிக் கிடந்தாள்.

பிறகு மெல்ல எழுந்தாள். வயிற்றில் இன்னும் ஒரு துளி நூல் இருந்தது. வழியின் குறுக்கே அந்த இரண்டு வெளிநூல்கள் அப்படியே ஆடின. முள்ளி முதல் நூலில் ஏறி ஒரு முடிச்சுப் போட்டாள்.

பக்கத்துப் புதரிலிருந்து சொட்டு எட்டிப் பார்த்தாள். "உனக்கென்ன பைத்தியமா அக்கா? வலையே இல்லை! யாருக்கு முடிச்சு?"

"வழியில் இந்த நூல் இருக்கிறதே."

"இனி நீ சாப்பிடப்போவதும் இல்லை. அறுத்துவிட்டுப் போக வேண்டியதுதானே?"

"இரண்டு முனையிலும் போய் அறுத்து இறக்க எனக்குத் தெம்பில்லையடி. முடிச்சுக்குத்தான் இருக்கிறது. நாளைக்குக் கரிச்சான் இந்த வழியாகத்தான் வரும்."

சொட்டு புதருக்குள் திரும்பிப் போனாள்.

வழியில் வீடு கட்டியவர் தன் பசிக்காக வழிப்போக்கரின் கண்ணை மறைத்தால், இருவர் வயிற்றிலும்தான் அடி விழும்.

முள்ளி விரற்கடை தூரம் நகர்ந்தாள். அடுத்த முடிச்சைப் போட்டாள்.