புளியஞ்சோலை டிவி எடுத்த சுமோ படம்

புளியஞ்சோலை கேபிள் டிவி முதலாளி சிங்கத்துரை ரொம்ப நல்ல மனிதர். யோசிக்கிற வேலையை மட்டும் அவர் யாருக்கும் கொடுத்ததில்லை, தானும் செய்ததில்லை. ஜப்பானில் ஒரு கோயில் திடலில் வருஷா வருஷம் நடக்கும் சுமோ மல்யுத்தத்தைப் படமெடுத்து வர மூன்று பேரை அனுப்பினார். இயக்குநர் மெய்ஞானம், கேமராவுக்குக் கோட்டைச்சாமி, மைக் பிடிக்கப் பிச்சுமணி.

"இறுதிப் போட்டியைக் கல்யாண மண்டபத்துல திரை கட்டிக் காட்டுறதா ஊர் பூரா போஸ்டர் ஒட்டியாச்சு. அது இல்லாம வந்தீங்க, என் மானம் போயிரும். கார்டுல இடம் கம்மி, ஒத்திகையை எல்லாம் எடுத்துத் தொலைச்சிராதீங்க" என்றார்.

அங்கே இரண்டு மல்லர்கள் வந்தார்கள். எதிரெதிரே குந்தினார்கள், முறைத்தார்கள், எழுந்து போய் உப்பை அள்ளி வீசினார்கள். திரும்ப வந்து குந்தினார்கள்.

"ஒத்திகை" என்றார் மெய்ஞானம். கேமரா அணைந்தே இருந்தது.

நாலாவது தடவை குந்தியவர்கள் சட்டென்று மோதினார்கள். மூன்றே நொடியில் ஒருவர் வட்டத்துக்கு வெளியே கிடந்தார்.

"இதுவும் ஒத்திகையாண்ணே?" என்றார் கோட்டைச்சாமி.

"பின்ன? பாவம், பழகும்போதே விழுந்துட்டாரு."

இப்படியே பதினாறு போட்டிகள் முடிந்தன. தமிழ் படித்த ஜப்பானியப் பெண் நோரிகோதான் இவர்களுக்கு வழிகாட்டி. அவருக்கு அழுகையே வந்துவிட்டது. "இரண்டு கையும் தரையில் பட்டால்தான் போட்டி ஆரம்பம். பட்ட உடனே படம் எடுங்கள்" என்று நிறுத்தி நிதானமாகச் சொன்னார்.

இறுதிப் போட்டி வந்தது. கோட்டைச்சாமி கேமராவைப் பக்கத்தில் மல்லாக்கக் கிடத்திவிட்டு, தன் இரண்டு கையையும் பயபக்தியோடு தரையில் ஊன்றினார்.

"வச்சிட்டேன். இப்ப எந்தக் கையால பொத்தானை அமுக்க?"

மெய்ஞானம் யோசித்தார். "கையை எடுத்தா போட்டி ஆரம்பிக்காது. எடுக்காட்டி படம் ஆரம்பிக்காது."

"அதனாலதாண்ணே அவங்க ரெண்டு ரெண்டு பேரா வாராங்க" என்றார் பிச்சுமணி.

அது நியாயமாகப் பட்டது. மெய்ஞானமும் எதிரே குந்திக் கையை ஊன்றினார். அந்த நேரம் பார்த்து, எதிராளியை முட்டித் தள்ளிய வேகத்தில் ஜெயித்தவரும் வெளியே வந்து, கேமரா மேலேயே உட்கார்ந்தார். பொத்தானை அமுக்கியது அவர்தான். உடம்பின் எந்தப் பாகத்தால் என்று நான் சொல்லவேண்டியதில்லை. மூச்சு வாங்கி எழுந்திருக்க மூன்று நிமிஷம் ஆயிற்று.

ஞாயிற்றுக்கிழமை மண்டபம் நிரம்பி வழிந்தது. திரையில் கும்மிருட்டு. இரண்டு நிமிஷம் ஆகியும் கும்மிருட்டு.

"சாம்பியன் எங்கடா?" என்றார் முதலாளி.

"அவருதான் மொதலாளி இது" என்றார் கோட்டைச்சாமி. "ஆளு பெருசு, திரைக்குள்ள அடங்கல. கொஞ்சம் தள்ளிப்போய்ப் பாத்தா முழுசாத் தெரிவாரு."

முதலாளி எழுந்தார். தன் நாற்காலியைத் தூக்கிக்கொண்டு தெருவுக்குப் போனார். ஊரே ஆளுக்கொரு நாற்காலியோடு பின்னால் போனது.

பஸ் ஸ்டாண்டு வரை போன நாலு பேர் மட்டும், சாம்பியனின் காது தெரிந்ததாக இன்றும் சத்தியம் செய்கிறார்கள்.