வெயில் வாங்கும் பக்கம்

உலகம்மாள் மடத்துக்கு வந்தது இது மூன்றாவது தடவை. முதல் இரண்டு தடவையும் தம்பி திருமேனி அறையை விட்டு வெளியே வரவில்லை. உள்ளே வந்து உட்காரச் சொன்னால், அவனுக்குத் தொந்தரவு வேண்டாம் என்பாள். வாசல் வெயிலில் நின்றுவிட்டு பஸ் ஏறிவிடுவாள்.

அன்றும் வாசலில்தான் நின்றாள். நாலரை மணி பஸ்ஸுக்குக் கொஞ்ச நேரம்தான் இருந்தது.

மடத்தின் குருவான அடிகள் திருமேனியைக் கூப்பிட்டார். சீடனுக்குக் குருவைவிட இரண்டு வயது கூடுதல்.

"அக்காவைப் பார்க்கலையா வே?"

பார்த்தால் மனசு சூடாகிவிடும் என்றான் திருமேனி. வெள்ளிக்கிழமை அவன் மடத்தில் பேசப்போவதும் அதை ஒட்டித்தான். தலைப்பு, விண்வெளியில் நிற்கும் அகச்சிவப்புத் தொலைநோக்கி.

"சொல்லும், கேட்போம்."

திருமேனி சொன்னான். நட்சத்திரம் பிறக்கிற இடத்தைத் தூசி மூடியிருக்கும். நம் கண்ணுக்குத் தெரிகிற ஒளி அதில் சிக்கிக்கொள்ளும், அகச்சிவப்பு தாண்டி வந்துவிடும். ஆதியில் பிறந்த நட்சத்திரக் கூட்டங்களின் ஒளியும் வருகிற வழியில் இழுபட்டு இழுபட்டு அகச்சிவப்பாகத்தான் வந்து சேரும். ஆனால் சூடான எதுவுமே அகச்சிவப்பை வீசும். பார்க்கிற கண்ணாடி சூடாக இருந்தால் அதன் சூடே அதற்குத் திரை.

"அதனால குளிர்ந்து கிடக்கணும் ஐயா. நானும் அப்படித்தான் கிடக்கேன்."

"அங்கே வெயில் அடிக்காதா?"

"அடிக்கும். முடிக் கனத்துல அஞ்சு படலம் குறுக்கே விரிச்சிருக்கு. அந்தப் பக்கம் தொட்டா கை பொத்துப்போகும். இந்தப் பக்கம் காற்றே உறைஞ்சிரும்."

"படலம் எதையாவது பார்க்குமா?"

"அதுக்குக் கண் ஏது? வெயிலை வாங்கிக்கிட்டு நிக்கும். அவ்வளவுதான்."

அடிகள் வாசலைப் பார்த்தார். உலகம்மாள் பொரி வறுக்கிறவள். இருபது வருஷமாகக் கொதிக்கும் மணல் சட்டிக்கு முன்னால் உட்கார்ந்து, அடுப்புப் பக்கத்துக் கன்னம் கருத்திருந்தது. படுக்கையில் கிடக்கும் அப்பாவும் அவள் பொறுப்பு. கையில் ஒரு பொரிப் பொட்டலம்.

திருமேனியும் பார்த்தான்.

"கண்ணாடி திரும்பக் கூடாது ஐயா" என்றான். குரல் இறங்கியிருந்தது. "திரும்பினா வெயில் பட்டுக் கெட்டுப்போகும்."

"ஆமா, கண்ணாடி பாவம்" என்றார் அடிகள். "உமக்குக் கழுத்து இருக்கு வே."

திருமேனி செருப்பைக்கூட மாட்டாமல் இறங்கிப் போனான். அக்காவுக்கும் சூரியனுக்கும் நடுவில் போய் நின்றான். அவன் நிழல் அவள் முகத்தில் விழுந்தது.