ஓடும்போதே கழற்றிய சிப்

மதுரையில் நாச்சியாரின் கணினி பழுதுபார்க்கும் கடையில் குருவுக்கு வயது முப்பத்திரண்டு, சீடருக்கு ஐம்பத்தொன்று. சீடர் தனக்கோடி, மில் மூடியதும் தொழில் கற்க வந்தவர். பக்கத்துக் கடைக்காரர்கள் கேலி செய்து அலுத்துப்போய் இரண்டு வருடமாகிறது.

கோவில்பட்டியில் தனக்கோடி சொந்தக் கடை திறக்க ஒரே ஒரு நாள்தான் இருந்தது. ஆனால் அன்று காலையிலேயே ஒரு மதர்போர்டைத் துணியில் சுற்றிக்கொண்டு மதுரைக்கு வந்து நின்றார். புதுக் கடைக்கு வாங்கிய கணினியில், மதர்போர்டின் சிப்பில் இருக்கும் பயாஸ் என்ற மென்பொருளை மாற்றி எழுதும்போது பாதியில் கரண்ட் போய்விட்டதாம். அதன்பிறகு அது கண்ணே திறக்கவில்லை.

கடைச் சாவியை மேசையில் வைத்தார்.

“எனக்கு இது சரிப்படாது டீச்சர். நீங்க பக்கத்துல இருந்தாத்தான் என் கை வேலை செய்யுது. இங்கயே இருந்துடுறேன்.”

அவர் இருந்தால் நாச்சியாருக்கும் சந்தோஷம்தான். அதை அவள் சொல்லவில்லை.

சிப்பில் எழுதும் கருவியை யாரோ இரவல் வாங்கிப் போயிருந்தார்கள். அவள் தன்னுடைய கணினியின் பக்கமூடியைக் கழற்றி ஓடவிட்டாள். அதிலும் அதே ரக மதர்போர்டுதான். குருவிடம் இருப்பதுதான் வேண்டுமென்று சீடர் ஒரு மாதம் அலைந்து வாங்கியிருந்தார். திரை வந்ததும், உள்ளே சாக்கெட்டில் இருந்த பயாஸ் சிப்பைக் காட்டி, ஓடும்போதே கழற்றச் சொன்னாள்.

தனக்கோடிக்கு வேர்த்துவிட்டது. கடையின் மொத்த வேலையும் அந்தக் கணினியில்தான் இருந்தது.

“நின்னுடுச்சுன்னா?”

“கழட்டுங்கண்ணே.”

கழற்றினார். திரையில் ஒரு எழுத்துகூட அசையவில்லை. கணினி பாட்டுக்கு ஓடிக்கொண்டிருந்தது.

அந்த இடத்தில் கோவில்பட்டி போர்டின் கெட்டுப்போன சிப்பைச் செருகி, அதில் பயாஸை முதலிலிருந்து எழுதச் சொன்னாள். சொல்லிவிட்டு வேறொரு லேப்டாப்பைத் திறந்துகொண்டு, அவருக்கு முதுகு காட்டி உட்கார்ந்துவிட்டாள். அவர் இரண்டு தடவை செருமிப் பார்த்தார். அவள் திரும்பவில்லை.

எழுதி முடித்து, கணினியை அணைத்து, இரண்டு சிப்புகளையும் அதனதன் போர்டில் மாட்டினார். கோவில்பட்டி போர்டுக்குக் கரண்ட் கொடுத்தார். திரையில் வெளிச்சம் வந்தது.

“டீச்சர், அவ்வளவு முக்கியமான சிப்பு. அதைக் கழட்டியும் ஏன் உங்க கணினி நிக்கலை?”

நாச்சியார் எழுந்து வந்து சாவியை எடுத்து அவர் கையில் வைத்தாள். அவள் கண் கலங்கியிருந்தது.

“எழுப்பிவிடுறது மட்டும்தான் அந்தச் சிப்போட வேலை, அண்ணே. முழிச்சதுக்கப்புறம் அது பக்கத்துலயே இருக்கணும்னு இல்ல.”