இருபத்தேழும் எண்ணழகரின் வலது கையும்

முன்னொரு காலத்தில் கடம்பநாட்டை ஏகவீரன் என்றொரு ராஜா ஆண்டுவந்தார். ஆண்டாரோ இல்லையோ, ஆள்வதாக அவருக்கு நல்ல நினைப்பு இருந்தது. போர் கிடையாது, மழைக்கும் குறைவில்லை. வேலையில்லாத ராஜாவுக்கு விபரீத யோசனைகள் வரத்தானே செய்யும்!

ஒருநாள் கப்பல் வியாபாரி ஒருவன் அவருக்கு ஒரு கணக்கு விளையாட்டைச் சொல்லிக்கொடுத்துவிட்டுப் போனான். ஏதாவது ஓர் எண்ணை எடுத்துக்கொள்ள வேண்டும். இரட்டைப்படை என்றால் பாதியாக்க வேண்டும். ஒற்றைப்படை என்றால் மூன்றால் பெருக்கி ஒன்றைக் கூட்ட வேண்டும். வருகிற எண்ணையும் இப்படியே செய்துகொண்டு போக வேண்டும். ஒன்று வந்ததும் நிறுத்திவிடலாம். ராஜா ஆறில் தொடங்கினார். மூன்று வந்தது, பிறகு பத்து, ஐந்து, பதினாறு, எட்டு, நான்கு, இரண்டு, கடைசியில் ஒன்று. பன்னிரண்டும் ஒன்றில்தான் வந்து நின்றது. இருபதும் அப்படியே.

ராஜா துள்ளிக் குதித்தார். "பார்த்தீர்களா! எந்த எண்ணும் என்ன ஆட்டம் போட்டாலும் கடைசியில் ஒன்றின் காலடிக்கு வந்துவிடுகிறது. குடிகள் எல்லாம் என் காலடிக்கு வருகிற மாதிரி! யாராவது இதை நிரூபியுங்கள், கல்லில் வெட்டிவிடலாம்!"

ஆஸ்தானக் கணிதர் எண்ணழகருக்கு மந்திரி அம்பலக்கூத்தரின் ஆசனத்தின்மேல் வெகுநாளாக ஒரு கண். அடுத்த வாரமே சபையில் வந்து நின்றார்.

"நிரூபித்தாயிற்று மகாராஜா! ஆயிரம் எண்களைச் சோதித்துவிட்டேன். ஆயிரமும் ஒன்றில் வந்து மண்டியிட்டன."

"எண்களுக்கே இவ்வளவு ராஜவிசுவாசமா!" என்று சேனாபதி கண்ணைத் துடைத்துக்கொண்டார். சபை கைதட்டியது.

அம்பலக்கூத்தருக்கு ஒரு கெட்ட குணம். மனதில் பட்டதை வாய் சொல்லிவிடும். "ஆயிரத்தொன்றாவது எண்?" என்று கேட்டுவிட்டார்.

"அதுவும் வரும்."

"எப்படித் தெரியும்?"

"ஆயிரம் வந்ததே!"

"ஐயா, அது சோதனை. நிரூபணம் என்றால் நாம் பார்க்காத எண்ணும் ஏன் வந்தே தீரும் என்று காரணம் சொல்ல வேண்டும்."

எண்ணழகர் ராஜாவின் பக்கம் திரும்பினார். "கேட்டீர்களா மகாராஜா? அடங்காத எண்ணும் உண்டு என்கிறார் மந்திரி. இன்றைக்கு எண், நாளைக்குக் குடிகள்!"

ராஜாவின் மீசை துடித்தது. "கூத்தரே! நாளை சபை கலைவதற்குள் அப்படி ஓர் எண்ணைக் கொண்டுவந்து காட்டும். முடியாவிட்டால் குடும்பத்தோடு எல்லை தாண்டிவிடும்!"

வீட்டில் மனைவி பாத்திரங்களை மூட்டை கட்டத் தொடங்கினாள். "வாயை மூடிக்கொண்டு இருந்திருக்கக் கூடாதா? பெண்ணுக்கு நிறைமாசம். மாட்டுவண்டியில் குலுங்கிக்கொண்டு எல்லை தாண்டுவாளா?"

அம்பலக்கூத்தர் திண்ணையில் போய் உட்கார்ந்தார். அடங்காத எண்ணுக்கு அவர் எங்கே போவார்? காய்ச்சலில் படுத்திருந்த நாட்களில் அவரும் இந்த ஆட்டத்தை ஆடிப் பார்த்தவர்தான். எல்லாமே ஒன்றுக்குத்தான் வந்தன. ஒரே ஓர் எண் மட்டும் அவரை மூச்சு வாங்க வைத்தது. அதை நினைத்ததும் அவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

கடம்பநாட்டில் ஒரு வழக்கம் உண்டு. கல்லில் ஏறும் சொல்லுக்குச் சொன்னவரின் வலது கை பிணை. வெட்டி முடிக்கும்வரை கை கல்லின்மேல் இருக்க வேண்டும். சொல் பொய்யானால் கை போய்விடும். அந்த நாட்டில் கல்வெட்டுகள் குறைவாக இருந்ததற்கு இதுதான் காரணம்.

மறுநாள் சபையில் அம்பலக்கூத்தர் கைகூப்பினார். "அரசே, அடங்காத எண் என்னிடம் இல்லை. போகிறேன். போவதற்குமுன் ஒரே ஆசை. வழக்கப்படி எண்ணழகர் கல்லில் கை வைக்கட்டும். நான் சொல்லும் ஓர் எண்ணை மகாராஜா தம் கையாலேயே போட்டுப் பார்க்க வேண்டும்."

"சொல்லும்."

"இருபத்தேழு."

சபையே சிரித்தது. எண்ணழகரும் சிரித்துக்கொண்டே கையைக் கல்லில் வைத்தார். பக்கத்தில் சிற்பி உளியோடு உட்கார்ந்தார்.

ராஜா சுண்ணாம்புக்கட்டியை எடுத்தார். எண்பத்திரண்டு. நாற்பத்தொன்று. நூற்று இருபத்துநான்கு. கொஞ்சம் இறங்கியது, அதைவிட அதிகமாக ஏறியது. நானூற்று எண்பத்துநான்கு வந்தபோது ராஜா நிமிர்ந்தார். "என்னய்யா, ஏறுகிறது?"

"இறங்கிவிடும் மகாராஜா," என்றார் எண்ணழகர். குரல் இறங்கிவிட்டது, எண் இறங்கவில்லை.

சாப்பாட்டு மணி அடித்தது. யாரும் எழுந்திருக்கவில்லை. எண் ஆயிரத்தைத் தாண்டி, நாலாயிரத்தைத் தாண்டி, ஒன்பதாயிரத்து இருநூற்று முப்பத்திரண்டுக்குப் போனது.

"ராஜத்துரோகி!" என்று ராஜா அந்த எண்ணைப் பார்த்துக் கத்தினார். சிற்பி சும்மா இருக்காமல் உளியைத் துணியால் துடைத்தார். எண்ணழகர் வெடுக்கென்று கையை இழுத்து மார்போடு அணைத்துக்கொண்டார்.

"உம்முடைய ஆயிரத்தில் இது இல்லையா?" என்று கேட்டார் ராஜா.

"சாப்பாட்டு மணிக்குள் இறங்காத எண்களை நான் சேர்க்கவில்லை மகாராஜா. அவை ஒழுக்கமில்லாத எண்கள்."

"அரசே, நிறுத்தாமல் போடுங்கள்," என்றார் அம்பலக்கூத்தர்.

ராஜா போட்டார். எண் தடுக்கித் தடுக்கி இறங்கியது. அறுபத்தொன்று, இருபத்துமூன்று, மறுபடி கொஞ்சம் ஏறி நூற்றறுபது, எண்பது, நாற்பது... கடைசியில் சமர்த்தாக ஒன்றில் வந்து நின்றது.

"வந்துவிட்டதே! வரும் என்று உமக்குத் தெரியுமா?"

"தெரியும் அரசே."

"பிறகு எதற்கு இந்தப் பாடு?"

"நான் எண்ணைச் சோதிக்கவில்லை. நிரூபணம் இருந்திருந்தால், எண் எவ்வளவு ஏறினால்தான் என்ன, எண்ணழகர் கையை ஏன் எடுத்தார்?"

ராஜா யோசித்தார். "சரி, எல்லா எண்ணும் வரும் என்று நீர் கை வைப்பீரா?"

"மாட்டேன்."

"வராத எண் உண்டு என்று?"

"அதற்கும் மாட்டேன். எனக்குத் தெரியாது அரசே."

அந்தச் சபையில் அதுவரை யாரும் சொல்லாத வார்த்தை அது. ராஜா சிம்மாசனத்தைவிட்டு இறங்கி வந்தார். கல்லின்மேல் வைக்கத் தம் கையை நீட்டினார். பாதியிலேயே நிறுத்திக்கொண்டார்.

"எனக்கும் தெரியாதய்யா," என்றார் மெதுவாக. சொன்னதும் அவருக்கே சிரிப்பு தாங்கவில்லை.

மந்திரியின் வீட்டில் மூட்டைகள் அவிழ்ந்தன. பெண்ணுக்குச் சொந்த வீட்டிலேயே சுகப்பிரசவம் ஆயிற்று. ராஜாவின் சொந்தத் தொட்டில் குழந்தைக்குப் பரிசாக வந்தது. கல்லில் இப்படி வெட்டினார்கள்: 'எல்லா எண்ணும் ஒன்றில் வந்து முடியுமா? கடம்பநாட்டு அரசவைக்குத் தெரியாது.' வெட்டி முடிக்கும்வரை ராஜாவே அதன்மேல் நிம்மதியாகக் கை வைத்திருந்தார்.

எண்ணழகருக்கும் ராஜா குறை வைக்கவில்லை. "மிச்ச எண்களை ஒவ்வொன்றாகச் சோதியும், ஐயா. எதையும் விடக் கூடாது. எல்லா எண்ணும் தீர்ந்த அன்றைக்கு மந்திரி பதவி உமக்குத்தான்!"

அந்தக் கேள்விக்கு இன்றுவரை யாரும் நிரூபணம் கண்டுபிடிக்கவில்லை. எண்ணழகரும் இன்னும் மந்திரியாகவில்லை.