கரடியும் மந்தியும் திரித்த கயிறு

ஒரு காட்டில், எப்போதோ யாரோ தோட்டம் போட்டு, பிறகு விட்டுவிட்டுப் போன ஓர் இடம் இருந்தது. வேலி போய்விட்டது. வீடும் போய்விட்டது. வாழைகள் மட்டும் யாரையும் கேட்காமல் பெருகிக் கிடந்தன. அவற்றுக்குக் கொஞ்சம் தள்ளி ஒரு கல் கிணறு. அதன் வாயைக் காய்ந்த கொடிகளும் சருகும் மூடியிருந்தன.

குழந்தைகளே, சருகுமானை நீங்கள் பார்த்திருக்க மாட்டீர்கள். முயலைவிடக் கொஞ்சம் பெரியது. கொம்பு கிடையாது. உடம்பில் வெள்ளைப் புள்ளியும் கோடும் இருக்கும். சருகுக்குள் நின்றால் அதுவும் சருகுதான். ஓசையில்லாமல் நடப்பதில் அதை மிஞ்ச அந்தக் காட்டில் யாரும் இல்லை. அன்று காலையிலும் சருகுமான் ஓசையில்லாமல் நடந்து வந்தது. சருகின் மேல் கால் வைத்தது. சருகுக்குக் கீழே தரை இல்லை.

விழுந்தது நல்லவேளையாகத் தண்ணீரில். நடுவில் ஒரு கல் இருந்தது. அதன் மேல் ஏறி நின்றுகொண்டு, யாருக்கும் தொந்தரவு இல்லாத குரலில் உதவி கேட்டது.

முதலில் வந்தது மந்தி. யார் எது சொன்னாலும் பதில் சொல்லாமல் இருக்க அதனால் முடியாது. இடி இடித்தால்கூட ஏதாவது பதில் சொல்லும். அடுத்து வந்தது கரடி. தான் செய்வதுதான் சரி என்பதில் கரடிக்கு எப்போதும் சந்தேகம் வந்ததில்லை. இரண்டும் கிணற்றுக்குள் எட்டிப் பார்த்தன.

மலையில் கோடை மழை பிடித்திருந்தது. கிணற்றின் ஊற்றுக்கண் திறந்து தண்ணீர் ஏறிக்கொண்டிருந்தது. ஏறினால் மிதந்து மேலே வந்துவிடலாமே என்று கேட்பீர்கள். அந்தக் கிணறு பாதிக்கு மேல் நிரம்பாது. கல்லிடுக்குகளில் வழிந்து போய்விடும். சருகுமானுக்கு நீந்தத் தெரியும். ஆனால் கிணற்றுக்குள் எந்தக் கரைக்கு நீந்துவது? கால் சோரும்வரைதான் அதற்கு நேரம்.

மந்தி இறங்கிப் பார்த்தது. கல்லெல்லாம் பாசி. வழுக்கி, பாதியிலேயே திரும்பி வந்தது. கரடி தான் இறங்கினால் பிறகு இரண்டு பேரைத் தூக்க வேண்டியிருக்கும் என்று சொன்னது. ஒருவரைத் தூக்கலாம், உன்னைத் தூக்க மலைதான் வர வேண்டும் என்று மந்தி பதில் சொன்னது. ஒரு காய்ந்த கொடியை உள்ளே விட்டுப் பார்த்தார்கள். சருகுமான் பல்லால் பற்றியதும் அது அப்பளம் போல் உடைந்தது.

அப்போது வாழை மேல் உட்கார்ந்திருந்த தூக்கணாங்குருவி கீழே வந்தது. அது பெண் குருவி. ஆண் குருவி பாடுபட்டுப் பின்னிய கூட்டை ஒரு முறை சுற்றிப் பார்த்துவிட்டு, இதில் யார் குடியிருப்பது என்று கேட்டுவிட்டுப் பறந்துபோகும். நாரில் அது குறை கண்டுபிடித்தால் அந்தக் குறை நிஜமாகவே இருக்கும்.

"கொடியை விடுங்கள். வாழை இருக்கிறது. நாரைக் கிழியுங்கள்" என்றது குருவி.

கரடி காய்ந்த வாழைப்பட்டைகளை உரித்துப் போட்டது. மந்தி நகத்தால் நார் நாராகக் கிழித்தது. குருவி பாதியை வேண்டாம் என்று தள்ளியது. மீதியை ஒன்றோடொன்று சேர்த்து, கிணற்றின் ஆழத்தைப் போல் இரண்டு மடங்குக்கும் மேல் நீளமாக ஒரு கற்றை தயாரானது. கரடி அதை அப்படியே உள்ளே விடப் போனது. இப்படியே விட்டால் பூக் கட்டத்தான் ஆகும் என்று குருவி தடுத்தது.

"ஆளுக்கு ஒரு முனையில் குச்சியைக் கட்டிக்கொள்ளுங்கள். ஒருவரை ஒருவர் பார்த்து நில்லுங்கள். நார் தொய்யக் கூடாது. இனி எதிர்ச்சுழற்றுங்கள்."

அது என்ன என்று கரடி கேட்டது.

"இந்த முனை ஒரு பக்கம் சுழல வேண்டும். அந்த முனை அதற்கு மறுபக்கம் சுழல வேண்டும். அதுதான் எதிர்ச்சுழற்றுவது. இரண்டும் ஒரே பக்கம் சுழன்றால் நாரில் முறுக்கு ஏறாது."

மந்திக்குப் புரிந்துவிட்டது. ஆற்றங்கரையில் இரண்டு பேர் ஈரப் போர்வையைப் பிழிவதை அது மரத்திலிருந்து பார்த்திருக்கிறது. ஆளுக்கொரு பக்கமாகத் திருகுவார்கள், தண்ணீர் கொட்டும்.

வேலை தொடங்கியது. ஒரு பக்கம் கிணறு, மறுபக்கம் வாழை, நடுவில் நார். கரடி சுழற்றும்போது குச்சியின் மேல்முனை கிணற்றுப் பக்கமாகச் சாய்ந்து போனது. மந்தியின் குச்சி வாழைப் பக்கமாகச் சாய்ந்து போனது. நார் மெல்ல இறுகத் தொடங்கியது. குருவி நடுவில் உட்கார்ந்து, தன் காலடியில் முறுக்கு ஏறுவதைப் பார்த்துத் திருப்திப்பட்டது. அதற்கு இது எப்போதாவதுதான் நடக்கும்.

அந்த நேரம் பார்த்துக் கரடி தலையை நிமிர்த்தியது. மந்தியின் கை போகும் திசையைக் கவனித்தது. சுழற்றுவதை நிறுத்திவிட்டது.

"நீ தப்பாகச் சுற்றுகிறாய்" என்றது.

"நீதான் தப்பாகச் சுற்றுகிறாய். நான் போர்வை பிழிந்ததைப் பார்த்தவள்" என்றது மந்தி.

"எதிர்ச்சுழற்ற வேண்டும் என்றால் ஒருவர் நேராகச் சுழற்ற வேண்டும், இன்னொருவர் எதிராகச் சுழற்ற வேண்டும். நான் எதிராகச் செய்கிறவன் இல்லை. இந்தக் காட்டில் யாரை வேண்டுமானாலும் கேள்."

"அப்படியானால் நான் மட்டும் கோணலா?"

"நீயே பார்த்துக்கொள். நாம் காப்பாற்றப் போவது கிணற்றில் இருக்கிறவளை. நான் கிணற்றுப் பக்கம் சுற்றுகிறேன். நீ வாழைப் பக்கம் சுற்றுகிறாய். வாழைக்கா ஆபத்து?"

"நார் எங்கிருந்து வந்தது? வாழையிலிருந்து. நன்றி உள்ளவர்கள் அந்தப் பக்கம்தான் சுற்றுவார்கள்."

யார் நேர், யார் எதிர் என்பதெல்லாம் அதில் கிடையாது, ஒருவர் மட்டும் எதிர்ச்சுழற்றவே முடியாது, இரண்டு பேரும் சேர்ந்துதான் எதிர்ச்சுழற்றுகிறீர்கள் என்று குருவி கத்திக் கத்திச் சொன்னது. கேட்க ஆளில்லை. எதிர் என்ற பெயர் தன் மேல் ஒட்டிவிடக் கூடாது என்பதிலேயே இரண்டும் குறியாக இருந்தன.

கடைசியில் கரடி ஒரு வழி சொன்னது. சண்டை எதற்கு, இரண்டு பேரும் கிணற்றுப் பக்கமே சுற்றுவோம் என்றது. மந்தி, இந்த வழியில் எப்படியும் முறுக்கு ஏறாது, தோற்கப் போவது கரடிதான் என்று தெரிந்து, உடனே ஒப்புக்கொண்டது. இரண்டும் ஒற்றுமையாகச் சுற்றின. நாரும் அவர்களோடு ஒற்றுமையாக உருண்டது. உருண்டதே தவிர, ஒரு முறுக்குக்கூட ஏறவில்லை. நடுவில் உட்கார்ந்திருந்த குருவிதான் தலைகீழாகத் தொங்கியது.

தன் பக்கத்தை விட்டுக்கொடுக்க மனமில்லாமல், வாழைப் பக்கம் சுற்றினால் சரியாகிவிடும் என்று மந்தி சொன்னது. அப்படியும் சுற்றினார்கள். குருவி இன்னொரு பக்கமாகத் தலைகீழாகத் தொங்கியது.

கரடி குச்சியைக் கீழே வைத்துவிட்டு உட்கார்ந்துகொண்டது. அந்த முனையை மரத்தில் கட்டிவிடு, நான் தனியாகவே முறுக்கிக்கொள்கிறேன் என்றது. அப்படியும் முறுக்கலாம், நேரம் இரண்டு மடங்கு ஆகும், தண்ணீர் காத்திருக்குமா என்று குருவி கேட்டது.

மூவரும் கிணற்றுக்குள் பார்த்தார்கள். கல் தெரியவில்லை. சருகுமான் தண்ணீரில் நிற்பது போலிருந்தது. கால் எட்டுகிறதா என்று குருவி கேட்டது.

"கொஞ்சம் எம்பி நின்றால் எட்டுகிறது. கோபித்துக்கொள்ளாவிட்டால் ஒன்று சொல்லட்டுமா?" என்றது சருகுமான்.

அது கீழே நின்று சண்டை முழுவதையும் கேட்டிருந்தது. கிணற்றுக்குள் சத்தம் நன்றாகக் கேட்கும். கேட்பதைத் தவிர அங்கே செய்வதற்கும் ஒன்றும் இல்லை.

"கரடி அண்ணே, நீங்கள் எந்தக் கையால் சாப்பிடுகிறீர்கள்?"

கரடி வலக்கையைத் தூக்கிக் காட்டியது. பிறகு, கீழே இருப்பவளுக்குத் தெரியாது என்று நினைவு வந்து, வலக்கைதான் என்று வாயால் சொன்னது.

"மந்தி அக்கா, நீங்கள்?"

மந்தியும் அதே கைதான். இதில் என்ன சந்தேகம், நாங்கள் நல்ல குடும்பம் என்றது.

"அப்படியானால் கிணறும் வேண்டாம், வாழையும் வேண்டாம். இரண்டு பேரும் பழையபடி ஒருவரை ஒருவர் பார்த்து நில்லுங்கள். அவரவர் சோற்றுக்கைப் பக்கமாகச் சுற்றுங்கள். இரண்டு பேருக்கும் ஒரே பேச்சுதான்."

கரடி யோசித்தது. இரண்டு பேருக்கும் ஒரே பேச்சு. நேரும் இல்லை, எதிரும் இல்லை. சோற்றுக்கைப் பக்கம் என்பது எப்படிப் பார்த்தாலும் மரியாதையான பக்கம். இதை முதலிலேயே சொல்லியிருக்கலாமே என்று குருவியிடம் குறைப்பட்டுக்கொண்டு எழுந்து குச்சியை எடுத்தது.

கரடி தன் வலக்கைப் பக்கம் சுழற்றியது. குச்சியின் மேல்முனை கிணற்றுப் பக்கம் சாய்ந்து போனது. மந்தி தன் வலக்கைப் பக்கம் சுழற்றியது. மேல்முனை வாழைப் பக்கம் சாய்ந்து போனது. நார் இறுகியது.

மந்தி அதைப் பார்த்தது. முதலில் சுழற்றியபடியேதான் இப்போதும் சுழற்றுகிறோம் என்பது அதற்கு விளங்கிவிட்டது. கரடியைக் கேலி செய்ய அருமையான வாக்கியம் ஒன்று நாக்கு நுனிவரை வந்தது. அப்படி ஒன்று இனி வாழ்நாளில் வாய்க்காது. கிணற்றுக்குள் சருகுமான் கால் உதைத்து நீந்தும் சத்தம் கேட்கத் தொடங்கியிருந்தது.

மந்தி வாயை மூடிக்கொண்டு சுழற்றியது. வாக்கியத்தை விழுங்குவது அதற்குப் புதிது.

முறுக்கு ஏற ஏற நார் விறைத்து, விட்டால் துள்ளும் பாம்பு போல ஆனது. போதும் என்றது குருவி. கிணற்றடியில் ஒரு கல்தூண் நின்றது. நாரின் நடுப்பகுதியை அதில் மாட்டி, இரண்டு முனைகளையும் ஒன்றாகக் கொண்டுவரச் சொன்னது. எதிரெதிரே நின்ற இரண்டும் இப்போது தோளோடு தோள் உரச நின்றன. முனைகளைக் கரடி பிடித்துக்கொண்டது. மந்தி போய் நடுப்பகுதியைத் தூணிலிருந்து கழற்றி, கையை விட்டது.

அவ்வளவுதான். மடித்த நாரின் இரண்டு பாதியும் தாமாகவே ஒன்றையொன்று சுற்றிக்கொண்டு சரசரவென்று சுழன்றன. இவ்வளவு நேரம் முறுக்கிய பக்கத்துக்கு மறுபக்கமாகச் சுழன்றன.

கரடி திகைத்துவிட்டது. இப்போது எதிராகச் சுழற்றுவது யார் என்று கேட்டது.

"யாரும் இல்லை. முறுக்கின நாரை மடித்து விட்டால் தானே மறுபக்கம் சுழலும். அப்படிச் சுழன்று பிணைந்துகொண்டால்தான் பிரியாது" என்றது குருவி. கயிற்றை அலகால் இழுத்துப் பார்த்தது. ஒரு குறையும் சொல்லவில்லை. நாரின் மேல் குற்றம் சொல்லலாமா என்று கரடி கொஞ்ச நேரம் யோசித்து, வேண்டாம் என்று விட்டுவிட்டது.

மடிப்பில் ஒரு வளையம் விட்டு, கயிற்றைக் கிணற்றுக்குள் இறக்கினார்கள். சருகுமான் முன்னங்கால்களை வளையத்துக்குள் நுழைத்து, மார்பில் மாட்டிக்கொண்டது. மந்தி கயிற்றைப் பற்றிப் பின்னால் சாய்ந்தது. கரடி கிணற்றின் மறுகரைக்குச் சுற்றிப் போகத் தொடங்கியது. எங்கே போகிறாய் என்று குருவி கேட்டது. எதிரில் நின்று இழுக்கத்தான் என்றது கரடி; அந்த வித்தை அதற்கு இப்போது பிடித்துப்போயிருந்தது.

"அண்ணே, அது திரிப்பதற்கு. இழுக்கிறதுக்கு என் பக்கத்தில் வா" என்றது மந்தி. அது கரடியை அண்ணே என்று கூப்பிட்டது அதுதான் முதல் தடவை.

இரண்டும் ஒரே பக்கம் நின்று இழுத்தன. வாழைநார்க் கயிறு கிணற்றின் விளிம்புக் கல்லில் உரசியது, கிறீச்சிட்டது, அறவில்லை. நனைந்த சருகு மூட்டை போலச் சருகுமான் மேலே வந்து விழுந்தது. எழுந்து நின்றது. உடம்பை உதறியது. மூவர் மேலும் தண்ணீர் தெறித்தது. அதற்கும் மன்னிப்புக் கேட்டது.

வெயிலில் எல்லோரும் உட்கார்ந்து ஆளுக்கொரு வாழைப்பழம் தின்றார்கள். குருவி தனக்குக் கிடைத்த பழம் கனியவில்லை என்றது. கரடிக்கு மட்டும் மனசுக்குள் ஏதோ உறுத்திக்கொண்டே இருந்தது. கடைசியில் சருகுமானின் பக்கத்தில் வந்து, மந்திக்குக் கேட்காதபடி குனிந்து கேட்டது.

"உண்மையைச் சொல். கடைசியில் நேராகச் சுற்றியது நான்தானே?"

"நான் கிணற்றுக்குள் இருந்தேன் அண்ணே. கயிறு வந்தது. அதுதான் எனக்குத் தெரியும்" என்றது சருகுமான்.

நீதி: மறுபக்கம் சுழற்றுகிறவரும் அதே கயிற்றைத்தான் திரிக்கிறார்.