செக்குத் தடத்துக் கல்

காக்கைகள்கூட அனுமதி கேட்டுக் கரைந்த காலம் அது. எள்ளேரி என்ற நாட்டில் நடந்த கதை. சிறியவர்கள் முன்னால் வந்து உட்காருங்கள். பெரியவர்களே, கதை உங்களுக்குத்தான். தூணுக்குப் பின்னால் ஒளியாதீர்கள்.

எள்ளேரியை ஆண்டவர் கருணாகர பூபதி. பெயரிலேயே கருணை இருந்ததால் வேறெங்கும் அதைத் தேடவேண்டிய அவசியம் அவருக்கு வரவில்லை. அவருக்குப் பதினோரு அரசிகள், முப்பத்தோரு பிள்ளைகள். ஒருநாள் நந்தவனத்தில் ஒரு சிறுவனைப் பார்த்து, "அழகான பையன், யார் பெற்ற பிள்ளை?" என்று கேட்டார். "தாங்கள் பெற்றதுதான், மகாராசா" என்றான் தோட்டக்காரன். அரசர் மிகவும் மகிழ்ந்தார்.

இப்படிப் பிள்ளைப் பாசம் மிகுந்த அரசர் ஒரு சட்டம் போட்டார். மனைவியை இழந்தவன் மூன்று ஆண்டுக்குள் மறுமணம் செய்ய வேண்டும். செய்யாவிட்டால் அவன் பிள்ளையை அரண்மனையின் அன்னை மண்டபம் எடுத்துக்கொள்ளும். மண்டபத்துக்கு வந்த மூன்றாம் நாள் மாலை பிள்ளையின் பெயர் ஓலையில் ஏறும். ஏறிய பிறகு தகப்பன் அதன் முகத்தையும் பார்க்க முடியாது.

கணவனை இழந்தவளுக்கு என்ன சட்டம் என்று கேட்கிறீர்களா? ஒன்றும் இல்லை. அவள்தான் பெண் ஆயிற்றே, எப்படியாவது வளர்த்துக்கொள்வாள்.

அந்த நாட்டில் வேம்பன் என்று ஒரு செக்காட்டி இருந்தான். ஒரு செக்கு, ஒரு மாடு, ஒரு மனைவி. செக்கைச் சுற்றி மாடு நடக்கும். மாட்டோடு ஒரு பலகையும் சுற்றும். பலகையில் பாரம் இருந்தால்தான் எள் நசுங்கி எண்ணெய் இறங்கும். அந்தப் பாரமாக உட்கார்ந்தவள் அவன் மனைவி பூவாத்தாள்.

மாடு நடக்கும் தடத்தில் ஓரிடத்தில் ஒரு கல் லேசாகத் துருத்திக்கொண்டிருந்தது. ஒவ்வொரு சுற்றிலும் பலகை அதில் ஏறி இறங்கும். வேம்பன் அதைத் தோண்டி எடுக்கப் பாரையோடு வந்தபோது பூவாத்தாள் தடுத்தாள். அப்போது அவளுக்கு எட்டு மாதம்.

"இருந்துட்டுப் போகட்டும். அந்தக் கல்லு வந்தா உள்ள ஒரு உதை விழுது பாருங்க. உங்க மக கணக்கா உதைக்கிறா."

"மகள்னு எப்படித் தெரியும்?"

"உதைச்சிட்டு உடனே தூங்கிடுறாளே. மகனா இருந்தா ஊரைக் கூட்டிச் சொல்லியிருப்பான்."

மகள்தான் பிறந்தாள். அரும்பாயி என்று பெயர் வைத்தார்கள். பிறந்த இருபதாம் நாள் பூவாத்தாள் காய்ச்சலில் போய்விட்டாள். கல் மட்டும் இருந்த இடத்திலேயே இருந்தது.

வேம்பன் பலகையில் ஒரு கூடையைக் கட்டினான். கூடைக்குள் பூவாத்தாளின் பழஞ்சேலையை விரித்தான். சேலைமேல் மகளைக் கிடத்தி, பக்கத்தில் பாரத்துக்காகக் கருங்கற்களை அடுக்கினான். மாடு நடந்தது. பலகை கிறீச்சிட்டது. கல் வந்ததும் கூடை ஒருமுறை குலுங்கும். குழந்தை கண்ணை மூடும். இப்படியே இரண்டரை ஆண்டு ஓடியது. கூடைக்குள் கிடந்தவள் கூடைக்கு வெளியே உட்கார்ந்து, மாட்டை அதட்டவும் கற்றுக்கொண்டாள்.

பால்? பக்கத்து வீட்டு ஒச்சாயி கொடுத்தாள். அவல் இடித்து நான்கு பிள்ளைகளை வளர்ப்பவள். புருஷனைப் பாம்பு தீண்டிவிட்டது. தன் கடைசிப் பிள்ளைக்கு ஒரு பக்கமும் அரும்பாயிக்கு ஒரு பக்கமும் கொடுத்துவிட்டு, மறுபடி உலக்கையைத் தூக்குவாள். ஊர் இதைக் கவனிக்கவில்லை. வேம்பனைக் கவனிப்பதற்கே அதற்கு நேரம் போதவில்லை.

வேம்பன் மகளுக்குச் சோறூட்டினால், பார்த்தவர்கள் "ஐயோ பாவம்" என்றார்கள். தலை வாரிவிட்டால் "ஆகா, தெய்வம்!" என்றார்கள். பிள்ளைக்குச் சளி பிடித்தால் "ஆம்பிளை வளர்த்தா இப்படித்தான்" என்றார்கள். அதே வாரம் ஒச்சாயியின் நான்கு பிள்ளைகளுக்கும் சளி பிடித்தது. அது பருவக்காற்று என்று சொல்லிவிட்டார்கள்.

ஊர்க்காரர்கள் அவனுக்கு மூன்று முறை பெண் பார்த்தார்கள். மூன்று முறையும் அவன் வேண்டாம் என்றான்.

"பிள்ளைக்கு ஒரு தாய் வேண்டாமாடா?" என்றார் ஊர்த்தலைவர்.

"அவளுக்குத் தாய் இருந்தாளே, செத்துப்போயிட்டா. அது அவளுக்குத் தெரியும், எனக்கும் தெரியும். ஊருக்குத்தான் தெரியமாட்டேங்குது. சட்டத்துக்குப் பயந்து ஒருத்தியைக் கூட்டி வந்தா, அவளும் இந்தப் பலகையில பாரமாத்தானே உட்காரணும்? பாரத்துக்குத்தான் கல்லு இருக்கே, ஐயா."

தலைவருக்கு இது புரியவில்லை. புரியாததை உடனே அரண்மனைக்குத் தெரிவிப்பது அவர் வழக்கம்.

மூன்றாம் ஆண்டு முடிந்த மறுநாள் மூன்று பேர் வந்தார்கள். ஒருவர் அரண்மனை மருத்துவர். ஒருவர் பெரும்புலவர், குழந்தை வளர்ப்பைப் பற்றி ஆயிரம் பாடல் எழுதியவர். எழுதும்போது சத்தம் கூடாது என்று தம் பிள்ளைகளை மனைவியோடு மாமனார் வீட்டுக்கு அனுப்பி வைத்திருந்தார். மூன்றாமவர் முதலமைச்சர். அவருக்கும் பிள்ளைகள் உண்டு என்று அவர் மனைவி சொல்லக் கேள்விப்பட்டிருந்தார்.

அவர்கள் வந்த நேரம் அரும்பாயி பலகையில் சுற்றியபடி, வாயைத் திறந்து தூங்கிக்கொண்டிருந்தாள்.

"குழந்தையைச் செக்கில் கட்டியிருக்கிறான்!" என்றார் அமைச்சர்.

"மூளை கலங்கியிருக்கும்" என்றார் மருத்துவர்.

"என் நூலில் இப்படி ஒரு முறையே இல்லை" என்றார் புலவர். இதுதான் எல்லாவற்றிலும் பெரிய குற்றமாக எழுதிக்கொள்ளப்பட்டது.

அரும்பாயியைத் தூக்கிப் பல்லக்கில் வைத்தார்கள். தன்னை மறந்து தூங்கிய அவள் விழித்து, "மாடு எங்கே?" என்றாள். வேம்பன் பின்னாலேயே ஓடினான். மாட்டை அவிழ்த்து நிழலில் கட்டியது ஒச்சாயி.

அரண்மனை வாசலில் அவனை நிறுத்தினார்கள்.

"அன்னை மண்டபத்துக்குள்ள ஆம்பிளை போகக்கூடாது" என்றான் காவலன்.

"இப்ப மூணு பேர் போனாங்களே, அண்ணே?"

"அவங்க ஆம்பிளை இல்லப்பா. அதிகாரிங்க."

வேம்பன் வாசலிலேயே நின்றான். மூன்றாம் நாள் மாலை அவன் மகள் பெயர் ஓலையில் ஏறிவிடும். அவனால் செய்ய முடிந்தது நிற்பது ஒன்றுதான்.

உள்ளே அரும்பாயிக்குப் பொன் தொட்டில் போட்டார்கள். தொட்டில் முன்னும் பின்னும் ஆடியது. வட்டமாகவே சுற்றி வளர்ந்தவளுக்கு அது குமட்டியது. பொன் தொட்டிலில் வாந்தி எடுத்தாள்.

முதல் நாள் மருத்துவர் தேனில் குழைத்து ஒரு மருந்து கொடுத்தார். அவள் தேனை மட்டும் நக்கிவிட்டு மருந்தை அவர்மேல் துப்பினாள். தூங்கவில்லை.

இரண்டாம் நாள் புலவர் தம் ஆயிரம் பாடலையும் தாலாட்டாகப் பாடினார். நூறாவது பாட்டில் தாதியர் தூங்கினார்கள். முந்நூறாவது பாட்டில் காவலர் தூங்கினார்கள். ஐந்நூறாவது பாட்டில் புலவரே தூங்கிவிட்டார். அரும்பாயி தூங்கவில்லை.

மூன்றாம் நாள் அமைச்சர் வந்தார். "தூங்கு. இது அரசாணை" என்றார். அவள் வீறிட்டு அழுதாள். அழுது அழுது குரல் கம்மியது. கண் செருகியது, ஆனால் மூடவில்லை. உடம்பு அனலாகக் கொதித்தது.

அந்த அழுகையால் அரசருக்கு மூன்று நாளாக மதியத் தூக்கம் இல்லை. அப்போதுதான் அவருக்குக் கருணை பிறந்தது.

"அந்தச் செக்காட்டியை வரச்சொல்" என்றார்.

அரசரும் சபையும் கூடியிருந்த மண்டபத்துக்குள் வேம்பன் வந்தான். அரசரை வணங்க மறந்துவிட்டான். அமைச்சர் அதையும் குறித்துக்கொண்டார். வேம்பன் தோள் துண்டால் மகளின் மூக்கைத் துடைத்தான். கழுத்தைத் தொட்டுப் பார்த்தான். தூக்கித் தோளில் சாய்த்தான். பிறகு மண்டபத்தின் நடுத்தூணைச் சுற்றி நடக்கத் தொடங்கினான்.

மாட்டின் நடை. அவசரமில்லாத நடை. வாயால் "கிறீச்... கிறீச்..." என்று பலகையின் சத்தம் போட்டான். சபை சிரித்தது. ஒரு சுற்று, இரண்டு சுற்று, மூன்று சுற்று. அரும்பாயியின் கண் மூடியது. மூன்று நாள் தூக்கமும் சேர்ந்து வந்து அவள்மேல் விழுந்தது.

சபை சிரிப்பதை நிறுத்தியது. அரசர் மெல்லக் கொட்டாவி விட்டார்.

அமைச்சருக்குப் பொறுக்கவில்லை. "மகாராசா, இதில் இவனுடைய பெருமை ஒன்றும் இல்லை. வட்டமாக நடக்க வேண்டும், அவ்வளவுதானே? அதை நாங்களும் செய்வோம். நாங்கள் நடந்தும் இவள் தூங்கினால், இவனுக்கு இங்கே வேலை இல்லை. பெயரை ஓலையில் ஏற்றிவிடலாம்."

அரசர் வேம்பனைப் பார்த்தார். "சம்மதமா?"

"தூங்குறவளைக் கைமாத்தச் சொல்றீங்க. பெத்தவன் எவனும் சம்மதிக்கமாட்டான். ஆனா நீங்க கேக்குறது என் சம்மதத்தையா என்ன?"

சம்மதம் என்றே எழுதிக்கொண்டார்கள்.

மருத்துவர் வாங்கி வட்டமாக நடந்தார். ஒரு சுற்று முடியவில்லை, அரும்பாயி கண்ணைத் திறந்து, "கல்லு எங்கே?" என்றாள்.

புலவர் வாங்கி நடந்தார். கிறீச்சென்றும் சத்தம் போட்டார். அதை எதுகை மோனையோடு போட்டார். "கல்லு எங்கே?" என்றாள்.

அமைச்சர் வாங்கி நடந்தார். நடையில் குறையே இல்லை. "கல்லு எங்கே?" என்று கேட்டு அவர் மீசையைப் பிடித்து இழுத்தாள்.

"என்ன கல்? மண்டபத்தில் ஏது கல்?" என்று அரசர் குழம்பினார்.

வேம்பன் மகளை வாங்கிக்கொண்டான். "இப்ப என் காலைப் பாருங்க, மகாராசா."

அவன் நடந்தான். எல்லோரும் அவன் காலையே பார்த்தார்கள். ஒவ்வொரு சுற்றிலும் ஒரே இடத்தில் அவன் முழங்கால் மடங்கி நிமிர்ந்தது. தோளில் கிடந்தவள் ஒருமுறை குலுங்கினாள். குலுங்கியதும் கண் மூடியது.

"எங்க செக்குத் தடத்துல ஒரு கல்லு துருத்திக்கிட்டு இருக்கு. இவ அம்மா வயித்துல இருந்தப்பவே அது இவளுக்குப் பழக்கம். கல்லை எடுக்கவேண்டாம்னு சொல்லிட்டுத்தான் அவ போனா. நான் எடுக்கல. நான் செஞ்சது அவ்வளவுதான்."

அமைச்சர் குறிப்பெடுத்த எழுத்தாணியைக் கீழே வைத்தார். சபைகளில் அபூர்வமாக நடக்கும் நல்ல காரியம் அது.

பிறகு அரசர் எழுந்தார். அரும்பாயிக்காக எடுத்துவைத்த ஓலையைக் கிழித்துப் போட்டார். "இவன் மகள் இவனோடு போகட்டும். மேலும் இவனுக்கு 'தாய்க்கு நிகரானவன்' என்று பட்டம் தருகிறேன். பொன்னாடை கொண்டுவாருங்கள்!"

கூட்டத்தில் ஒச்சாயி நின்றுகொண்டிருந்தாள். இடுப்பில் ஒன்று, கையில் ஒன்று, சேலையைப் பிடித்தபடி இரண்டு. வேம்பனுக்குக் கொஞ்சம் அவல் கொண்டுவந்திருந்தாள்.

"மகாராசா, என் பிள்ளைக நாலும் உலக்கைச் சத்தம் கேட்டாத்தான் தூங்கும். உலக்கை நின்னா முழிச்சிக்கும். அதனால நான் நிறுத்துறதே இல்ல. அதுக்கு ஏதும் பட்டம் உண்டுங்களா?"

அமைச்சர் சிரித்தார். "அது தாய்மையின் இயல்பு, அம்மா."

"இயல்புங்களா? என் இடுப்புக்கு அது தெரியாது போல. விண்ணுவிண்ணுன்னு வலிக்குது."

வேம்பன் தூங்கும் மகளைத் தோளில் மாற்றிக்கொண்டான். "பட்டம் வேண்டாம், மகாராசா. தாயோட இடம் இவ அம்மாவுது, அது அப்படியே இருக்கட்டும். நான் அப்பன். அந்த இடத்தையே இன்னும் சரியா நிரப்பல. பொன்னாடையை இந்தத் தங்கச்சிக்குக் கொடுங்க. பிள்ளையைக் கட்டித் தூக்க உதவும்."

அரசருக்கு இது நல்ல யோசனையாகப் பட்டது. ஆனால் பொன்னாடையைப் பெண்களுக்குப் போர்த்தும் வழக்கம் இல்லை என்று புலவர் நூலிலிருந்து எடுத்துச் சொன்னார். ஆகவே அது மறுபடி பெட்டிக்குள் போனது. நல்லவேளை, அந்தத் துணி பிள்ளைகளின் தோலை உறுத்தும்.

வேம்பனும் ஒச்சாயியும் ஐந்து பிள்ளைகளும் வழியில் அவலைத் தின்றுகொண்டே வீடு போனார்கள். மாடு நிழலில் காத்திருந்தது.

கதை இங்கே முடிந்திருக்கலாம். ஆனால் புலவர் சும்மா இருப்பாரா? ஆயிரத்தோராவது பாடலை எழுதினார்: பிள்ளை தூங்கவேண்டுமானால் தூணைச் சுற்றுக, சுற்றுக்கு ஒருமுறை முழங்காலை மடக்குக. அரசர் அதை நாடெங்கும் பறையறைவித்தார். மறுநாளிலிருந்து எள்ளேரியின் பெரிய மனிதர்கள் எல்லோரும் மகனையோ மகளையோ தோளில் போட்டு, தூணைச் சுற்றிச் சுற்றி வந்து, முழங்காலை மடக்கி மடக்கி நிமிர்ந்தார்கள். முழங்கால்கள் தேய்ந்தன, தூண்கள் தேய்ந்தன. ஒரு பிள்ளையும் தூங்கவில்லை. அந்தப் பிள்ளைகளின் கல் வேறெங்கோ இருந்தது. எங்கே என்று கேட்க ஒருவருக்கும் தோன்றவில்லை.

ஒரே ஒரு நல்லது நடந்தது. அதுவரை பிள்ளைகளைத் தூக்கியறியாத அப்பன்மார்கள் தூக்கினார்கள். தூக்கியவர்களில் இரண்டொருவர், பிள்ளை கனக்கிறது என்பதை முதல்முறையாக அறிந்து, அதை மனைவியிடம் ஒரு புதுச் செய்தியைப்போலச் சொன்னார்களாம்.

இந்தக் கதை சொல்லும் நீதி இது: ஒரு பிள்ளை எங்கே குலுங்கினால் கண்மூடும் என்று அறிந்தவரே, ஆணோ பெண்ணோ, அதை வளர்க்க உரியவர், அறியாதவர்கள் அவருக்குத் தீர்ப்பும் சொல்லவேண்டாம், பட்டமும் கொடுக்கவேண்டாம்.